ஹைட்டிக்குப் போன டாலர்: 2010 நிலநடுக்கமும் அமெரிக்க உதவியும்

போர்ட்-ஓ-பிரின்ஸ் விமான நிலையத்துக்கு ஓடுதளம் ஒன்றே ஒன்றுதான். 2010 ஜனவரி 12 மாலை 4.53 மணிக்கு ஹைட்டியின் தலைநகரைப் புரட்டிப்போட்ட 7.0 அளவு நிலநடுக்கத்தில் அந்த ஓடுதளம் தப்பியது. கட்டுப்பாட்டுக் கோபுரம் தப்பவில்லை. துறைமுகத்தில் சரக்கு இறக்கும் மேடை கடலுக்குள் சரிந்தது. அதிபர் மாளிகை சரிந்தது, ஏறக்குறைய எல்லா அமைச்சகக் கட்டடங்களும் சரிந்தன. ஐ.நா. அமைதிப்படையின் தலைமையகமாக இருந்த கிறிஸ்டோஃபர் ஓட்டல் இடிந்து, அதன் தலைவர் ஹெதி அன்னாபி உட்பட நூற்றுக்கும் மேற்பட்ட ஐ.நா. ஊழியர்கள் மாண்டார்கள். வழக்கமாகப் பேரிடரில் உதவியை ஒருங்கிணைக்கும் இரண்டு தரப்பும், அதாவது உள்ளூர் அரசும் ஐ.நா.வும், ஒரே நிமிடத்தில் செயலிழந்துபோயின. அந்த வெற்றிடத்துக்குள் வந்தது அமெரிக்கா.

மறுநாள் மாலை அமெரிக்க விமானப்படையின் சிறப்புப் பிரிவு ஒன்று ஃபுளோரிடாவிலிருந்து வந்திறங்கியது. ஓடுதளத்தின் ஓரத்தில் ஒரு மடக்கு மேசை, கையோடு கொண்டுவந்த ரேடியோக்கள். கட்டுப்பாட்டு நிலையம் அவ்வளவுதான். அரை மணி நேரத்துக்குள் விமானங்களை இறக்கத் தொடங்கிவிட்டார்கள். இறங்கிய விமானம் ஒதுங்கிப்போக இணைப்பாதை சரியாக இல்லாததால், ஓடுதளத்திலேயே திரும்பி வந்த வழியே ஊர்ந்துவர வேண்டும். அதுவரை அடுத்த விமானம் வானத்தில் காத்திருக்கும். பத்து விமானங்களுக்குப் போட்ட நிறுத்துமிடத்தில் நாற்பதுக்கும் மேல் நெருக்கியடித்து நின்றன. அங்கே எரிபொருள் கிடைக்காது என்பதால், திரும்பிப் போவதற்கானதையும் சுமந்துகொண்டுதான் வர வேண்டும். இத்தனை முட்டுக்கட்டைகளோடு, முன்பு நாளொன்றுக்குப் பத்துப் பதினைந்து விமானங்களைப் பார்த்த நிலையம் சில நாட்களில் நூற்றுக்கும் மேற்பட்டவற்றைக் கையாண்டது.

ஜனவரி 15 அன்று கார்ல் வின்சன் என்ற விமானந்தாங்கிக் கப்பல் ஹெலிகாப்டர்களோடு கரைக்கு அப்பால் வந்து நின்றது. பால்டிமோரிலிருந்து கிளம்பிய கம்ஃபர்ட் என்ற மருத்துவமனைக் கப்பல் 20ஆம் தேதிவாக்கில் வந்து சேர்ந்தது. அடுத்த ஆறேழு வாரங்களில் அதில் சுமார் 850 அறுவை சிகிச்சைகள் நடந்தன. உச்சகட்டத்தில் அமெரிக்கப் படையினர் 22,000 பேர், அதில் பெரும்பாலோர் கப்பல்களிலேயே. அமெரிக்க அரசின் வெளிநாட்டு உதவி நிறுவனமான யுஎஸ்எய்டின் தலைவராக இந்திய வம்சாவளியினரான ராஜீவ் ஷா பதவியேற்றது ஜனவரி 7. நாற்காலியில் உட்கார்ந்து ஒரு வாரம்கூட ஆகாத நிலையில் அவர் தலையில் இது விழுந்தது. அதிபர் ஒபாமா 14ஆம் தேதி 10 கோடி டாலரை உடனடியாக அறிவித்தார்.

இந்த முதல் சில நாட்களில் அமெரிக்கா செய்ததை வேறெந்த நாடும் செய்திருக்க முடியாது. பணக்கார நாடுகளின் உதவியைப் பற்றிக் கசப்பாக எழுதுவது எளிது, நானும் இதில் கசப்பாகவே எழுதப்போகிறேன். ஆனால் அந்த மடக்கு மேசையை முதலில் கணக்கில் வைத்துவிட்டுத்தான் மற்றதற்குப் போக வேண்டும்.

வரிசையை யார் போடுவது

ஒரே ஓடுதளம், நூறு விமானங்கள் என்றால் எது முதலில் இறங்கும் என்று யாரோ முடிவு செய்தாக வேண்டும். ஜனவரி 15 அன்று ஹைட்டி அரசு விமான நிலையத்தை இயக்கும் பொறுப்பை முறைப்படி அமெரிக்காவிடம் ஒப்படைத்தது. எந்த விமானத்துக்கு எந்த நேரம் என்பது அதன்பின் ஃபுளோரிடாவிலுள்ள ஒரு விமானப்படைத் தளத்திலிருந்து தீர்மானிக்கப்பட்டது. படைவீரர்களையும் தளவாடங்களையும் ஏற்றிவந்த விமானங்கள் இறங்கிக்கொண்டிருக்க, எல்லைகளற்ற மருத்துவர்கள் அமைப்பின் விமானங்கள் பக்கத்து நாடான டொமினிகன் குடியரசுக்குத் திருப்பிவிடப்பட்டன. அதில் ஒன்று, காற்றடைத்து எழுப்பும் கூடார மருத்துவமனையை ஏற்றிவந்த விமானம். அந்தச் சரக்கு பிறகு சாலை வழியாகப் போய்ச் சேர வேண்டியிருந்தது. நசுங்கிய கைகால்களோடு கிடப்பவர்களுக்கு ஒரு நாள் தாமதம் என்றால் என்ன என்று அந்த மருத்துவர்கள் வெளிப்படையாகவே சொன்னார்கள். பிரான்ஸின் அமைச்சர் ஒருவரும் புகார் சொன்னார். சில நாட்களில் உலக உணவுத் திட்டத்தோடு உடன்பாடு ஏற்பட்டு நிவாரண விமானங்களுக்கு முன்னுரிமை வந்தது.

அமெரிக்கத் தரப்பில் சொல்லப்பட்ட காரணம் பாதுகாப்பு. பசித்த நகரம் கலவரத்தில் இறங்கும் என்று எதிர்பார்த்தார்கள். அஞ்சிய அளவுக்கு அது நடக்கவில்லை. போர்ட்-ஓ-பிரின்ஸ் மக்கள் அந்த நாட்களில் பெரும்பாலும் செய்தது, வெறுங்கையாலும் சுத்தியலாலும் கான்கிரீட்டைப் பெயர்த்து அக்கம்பக்கத்தாரை வெளியே எடுத்ததுதான். உலகம் முழுவதிலுமிருந்து வந்த தேர்ச்சிபெற்ற மீட்புக் குழுக்கள் எல்லாம் சேர்ந்து உயிரோடு மீட்டது சுமார் 130 பேர். அதில் 47 பேரை அமெரிக்கக் குழுக்கள் மீட்டன. மோப்ப நாய்களும் ஒலியுணர் கருவிகளும் விமானத்தில் வந்து சேர்வதற்குள் மீட்கக்கூடியவர்களில் பெரும்பாலோரை அண்டை வீட்டார் மீட்டுவிட்டார்கள். தொலைக்காட்சியில் நாம் பார்த்தது என்னவோ அந்தக் குழுக்களைத்தான்.

ஜனவரி 19 அன்று அமெரிக்க ஹெலிகாப்டர்கள் இடிந்த அதிபர் மாளிகையின் புல்வெளியில் இறங்கி வீரர்களை இறக்கின. 1915 முதல் 1934 வரை 19 ஆண்டுகள் அமெரிக்கக் கடற்படை வீரர்களின் ஆக்கிரமிப்பில் இருந்த நாடு அது. மாளிகை வேலிக்கு வெளியே நின்று பார்த்தவர்களில் சிலர் கைதட்டினார்கள், சிலர் திட்டினார்கள். இரண்டுக்கும் காரணம் இருந்தது.

சுற்றி வந்த பணம்

2010 மார்ச் 31 அன்று நியூயார்க்கில் கூடிய மாநாட்டில் அடுத்த 18 மாதங்களுக்கென்று உலக நாடுகள் 530 கோடி டாலர் தருவதாக வாக்களித்தன. அமெரிக்காவின் பங்கு 115 கோடி. செலவை மேற்பார்வையிட ஓர் இடைக்கால மறுசீரமைப்பு ஆணையம் அமைந்தது. ஹைட்டி பிரதமர் ழான்-மாக்ஸ் பெல்ரீவும் முன்னாள் அமெரிக்க அதிபர் பில் கிளின்டனும் அதற்கு இணைத் தலைவர்கள். அடுத்த ஆண்டு அக்டோபரில் அதன் ஆயுள் முடிந்தது, யாரும் நீட்டிக்கவில்லை.

இந்த விவகாரத்தில் நான் அடிக்கடி திரும்பிப் பார்க்கும் கணக்கு வேறொன்று. நிலநடுக்கத்துக்குப் பிந்தைய அவசர நிவாரணத்துக்குக் கொடை நாடுகள் தந்த 243 கோடி டாலர் எங்கே போனது என்று ஐ.நா. சிறப்புத் தூதர் அலுவலகம் பிரித்துக் காட்டியது. 34 சதவீதம் கொடுத்த நாடுகளின் சொந்தத் துறைகளுக்கும் படைகளுக்குமே திரும்பிப் போயிருந்தது. ஐ.நா. அமைப்புகளுக்கும் அவற்றின் கோரிக்கைப் பட்டியலில் இருந்த தொண்டு நிறுவனங்களுக்கும் 28 சதவீதம். மற்ற வெளிநாட்டுத் தொண்டு நிறுவனங்களுக்கும் ஒப்பந்த நிறுவனங்களுக்கும் 26. ஹைட்டி அரசின் கைக்குப் போனது ஒரு சதவீதம், சுமார் இரண்டரைக் கோடி டாலர்.

இது திருட்டு அல்ல. விமானந்தாங்கிக் கப்பலுக்கு எரிபொருள் போட்டால் காசுதான், வீரனுக்குச் சம்பளம் கொடுத்தால் காசுதான். ஆனால் 'ஹைட்டிக்கு இத்தனை கோடி' என்று தலைப்பில் வரும்போது வாசகர் மனதில் எழும் படமும் வவுச்சரில் இருக்கும் பெயர்களும் வேறுவேறு. மறுசீரமைப்புக் கட்டத்திலும் இதே கதைதான். யுஎஸ்எய்ட் போட்ட ஒப்பந்தங்களில் பெரும்பகுதி வாஷிங்டனையும் அதைச் சுற்றியுள்ள மேரிலாந்து, வர்ஜீனியா மாநிலங்களையும் சேர்ந்த நிறுவனங்களுக்குப் போயிற்று. ஹைட்டி நிறுவனங்களுக்கு நேரடியாகப் போனது ஓரிரு சதவீதம். கைக்கு எட்டியது வாய்க்கு எட்டவில்லை என்பார்கள். இங்கே கைக்கே எட்டவில்லை.

ஹைட்டி அரசிடம் ஏன் கொடுக்கவில்லை என்று கேட்டால் பதில் தயாராக இருக்கிறது. அமைச்சகம் இடிந்துகிடக்கிறது, கணக்குப் பிள்ளை இறந்துபோனார், ஊழல் என்று பெயரெடுத்த நிர்வாகம், நாளை அமெரிக்க நாடாளுமன்றத்தில் கேள்வி வந்தால் யார் பதில் சொல்வது? இதில் எதுவும் பொய்யில்லை. ஆனால் இந்த வாதம் தன்னைத்தானே உறுதிப்படுத்திக்கொள்ளும் வகையைச் சேர்ந்தது. அரசு பலவீனமாக இருப்பதால் அதைத் தாண்டிப் போகிறோம். தாண்டிப் போவதால் நல்ல பொறியாளரும் நல்ல செவிலியரும் மூன்று மடங்குச் சம்பளத்துக்குத் தொண்டு நிறுவனங்களுக்குப் போய்விடுகிறார்கள். அரசு மேலும் பலவீனமாகிறது. நிலநடுக்கத்துக்கு முன்பே ஹைட்டியைத் தொண்டு நிறுவனங்களின் குடியரசு என்று கேலி செய்வதுண்டு. 2010-க்குப் பிறகு அது கேலியாகவும் இல்லை.

தாண்டிப் போன பணமாவது வேகமாகப் போனதா? அமெரிக்க நாடாளுமன்றத்தின் தணிக்கை அமைப்பு 2013-இல் பார்த்தபோது, மறுசீரமைப்புக்கென யுஎஸ்எய்டுக்கு ஒதுக்கிய 65.1 கோடி டாலரில் 31 சதவீதம்தான் செலவாகியிருந்தது. அதற்குள் மூன்று ஆண்டுகள் ஓடிவிட்டன.

அரசுப் பணம் மட்டுமல்ல. கைப்பேசியில் ஒரு குறுஞ்செய்தி அனுப்பினால் பத்து டாலர் நன்கொடை என்ற ஏற்பாட்டில் சாதாரண அமெரிக்கர்கள் கோடிக்கணக்கில் கொட்டினார்கள். அமெரிக்க செஞ்சிலுவைச் சங்கம் ஹைட்டிக்காகத் திரட்டியது 48 கோடி டாலருக்கும் மேல். 2015-இல் புரோபப்ளிகா, என்.பி.ஆர். ஆகிய ஊடகங்களின் புலனாய்வு, அந்தச் சங்கம் கட்டிய நிரந்தர வீடுகள் ஆறு என்று எழுதியது. ஆறு என்பது எழுத்துப்பிழை அல்ல. தற்காலிகக் குடியிருப்பு, வாடகை உதவி, பழுதுபார்ப்பு என்று லட்சக்கணக்கானோருக்குக் கூரை தந்தோம் என்று சங்கம் மறுத்தது. அதிலும் உண்மை உண்டு. ஆனால் நன்கொடையாளரிடம் 'வீடு' என்று சொல்லிவிட்டுப் பிறகு 'கூரை' என்று விளக்குவது வேறு சமாச்சாரம்.

அரிசி மூட்டை

ஜனவரி 31 முதல் உலக உணவுத் திட்டம் நகரத்தில் 16 இடங்களில் அரிசி விநியோகத்தைத் தொடங்கியது. கூப்பன் பெண்களுக்கு மட்டும். ஆண்களைவிட அவர்களிடம் போனால் வீட்டுக்குப் போய்ச் சேரும் என்ற கணக்கு. ஆளுக்கு 25 கிலோ மூட்டை. அமெரிக்க வீரர்களும் ஐ.நா. படையினரும் வரிசைக்குக் காவல் நின்றார்கள். முதல் சில வாரங்களுக்கு இது சரியான, தேவையான வேலை. குறை சொல்ல அதில் எதுவுமில்லை.

குறை அந்த மூட்டைக்கு முன்னும் பின்னும் இருக்கிறது. 1980-கள்வரை தனக்கு வேண்டிய அரிசியில் பெரும்பகுதியைத் தானே விளைவித்த நாடு ஹைட்டி. ஆர்டிபோனிட் ஆற்றுச் சமவெளிதான் அதன் நெற்களஞ்சியம். 1994-இல் அமெரிக்கப் படையின் துணையோடு அதிபர் அரிஸ்டீட் மீண்டும் பதவிக்குக் கொண்டுவரப்பட்டார். அதையடுத்து, பன்னாட்டு நிதியமும் வாஷிங்டனும் கொடுத்த நெருக்கடியில் அரிசி மீதான இறக்குமதி வரி 3 சதவீதத்துக்கு வெட்டப்பட்டது. மானியத்தில் விளைந்த அமெரிக்க அரிசி வெள்ளமாக வந்தது. அதை அங்கே 'மியாமி அரிசி' என்பார்கள். ஏர் பிடித்தவர்களில் பலர் நிலத்தை விட்டுத் தலைநகருக்குப் போனார்கள். மலைச்சரிவுகளில் ஒன்றின்மேல் ஒன்றாக, இரும்பு போதாத, சிமெண்ட் போதாத கட்டடங்களில் அந்த நகரம் பெருத்தது. நிலநடுக்கத்தில் நொறுங்கியவை அவைதான். ஆறு வாரம் கழித்து சிலியில் வந்த நிலநடுக்கம் 8.8 அளவு, வெளிப்பட்ட ஆற்றல் பல நூறு மடங்கு அதிகம். அங்கே இறந்தவர்கள் ஐநூறு சொச்சம். ஹைட்டி அரசு சொன்ன எண்ணிக்கை மூன்று லட்சத்தைத் தாண்டியது. வேறு மதிப்பீடுகள் அதில் பாதியும் கால்பங்கும் சொல்கின்றன. எதை எடுத்துக்கொண்டாலும் சிலியோடு ஒப்பிட முடியாது.

2010 மார்ச்சில் அமெரிக்க செனட்டின் வெளியுறவுக் குழு முன் பேசிய கிளின்டன், தன் ஆட்சியில் எடுத்த அந்த வரிக்குறைப்பு முடிவு தவறு என்று ஒப்புக்கொண்டார். தன் சொந்த மாநிலமான அர்கான்சாவின் விவசாயிகள் சிலருக்கு அது நன்மையாக இருந்திருக்கலாம், ஆனால் ஹைட்டி தன் மக்களுக்குச் சோறு போடும் திறனை இழந்ததற்குத் தானே பொறுப்பு என்றார். அந்த அளவுக்கு நேராகப் பேசிய அமெரிக்க அதிபர்கள் குறைவு. அதே மாதம் வாஷிங்டன் வந்த ஹைட்டி அதிபர் ரெனே பிரேவால், வெளியிலிருந்து உணவை இனியும் அனுப்பினால் அது எங்கள் உற்பத்தியோடும் வியாபாரத்தோடும் போட்டிபோடும் என்று எச்சரித்தார். இலவச மூட்டைகள் ஏற்கெனவே சந்தைக்கு வந்து, உள்ளூர் அரிசி விலைபோகாமல் கிடந்தது.

அமெரிக்காவின் உணவு உதவி 1954-இல் வந்த ஒரு சட்டத்தின் வழிவந்தது. உபரித் தானியத்துக்கு வெளியே ஒரு வாசல் திறப்பதும் அதன் நோக்கங்களில் ஒன்று. பெரும்பாலும் அமெரிக்காவிலேயே கொள்முதல் செய்ய வேண்டும்; பாதியையாவது அமெரிக்கக் கொடி பறக்கும் கப்பலில் ஏற்ற வேண்டும். விவசாயி, ஆலைக்காரர், கப்பல் முதலாளி என்று இதனால் பிழைக்கும் தரப்புகள் இருப்பதால்தான் நாடாளுமன்றத்தில் அதற்கு இவ்வளவு காலம் வாக்குக் கிடைத்தது. இதை மட்டமான தந்திரம் என்று நான் நினைக்கவில்லை. ஜனநாயகத்தில் வெளிநாட்டு உதவிக்கு வாக்காளர் கிடையாது, யாராவது உள்ளூர்ப் பயனாளி இருந்தாக வேண்டும். ஆனால் அந்த ஏற்பாட்டின் விலையை ஆர்டிபோனிட் விவசாயி கொடுத்தார். நிலநடுக்கத்துக்குப் பிறகு, பணமாகவும் சீட்டாகவும் கொடுத்து உள்ளூர்ச் சந்தையில் வாங்க வைக்கும் முறைக்கு யுஎஸ்எய்ட் ஓரளவு நகர்ந்தது. நல்ல மாற்றம், வயலை விட்டு நகரத்துக்குப் போனவரை அது திருப்பிக் கொண்டுவராது.

15,000 வீடுகள்

யுஎஸ்எய்டின் வீட்டுத் திட்டம் தாளில் கச்சிதமாக இருந்தது: 15,000 வீடுகள், 5.9 கோடி டாலர். தணிக்கை அமைப்பு 2013-இல் கண்டது: இலக்கு 2,649 வீடுகளாகச் சுருங்கியிருந்தது, செலவு மதிப்பீடு 9 கோடிக்கு மேல் ஏறியிருந்தது. காரணங்கள் பல. தொடக்க மதிப்பீடே தப்பு. ஹைட்டி அரசு வீடு பெரிதாக வேண்டும், கழிப்பறை நல்லதாக வேண்டும் என்று கேட்டது, அது நியாயமும்கூட. எல்லாவற்றுக்கும் மேலாக நிலம். பட்டா தெளிவாக உள்ள நிலத்தில்தான் அமெரிக்கப் பணத்தில் கட்டலாம். ஹைட்டியில் அப்படிப்பட்ட நிலம் அரிது. ஒரே மனைக்கு மூன்று பேர் பத்திரத்தோடு வந்து நிற்கும் நாடு. அதோடு தலைநகரில் வீடிழந்தவர்களில் பெரும்பாலோர் வாடகைக்கு இருந்தவர்கள். அவர்களுக்குக் கட்டித்தர அவர்கள் பேரில் மண்ணே இல்லை. கடைசியில் யுஎஸ்எய்ட் கட்டி முடித்தவை ஆயிரத்துக்கும் குறைவு. அதில் 750 வீடுகள் நிலநடுக்கம் தொடாத வடக்கில், கரகோல் பக்கத்தில். அவற்றிலும் கட்டுமானக் குறைகள் தெரிந்து, பழுதுபார்க்கத் தனியாகப் பணம் கட்ட வேண்டியதாயிற்று.

இதே யுஎஸ்எய்டின் பணத்தில் நடந்த வேறொரு வேலையை இதன் பக்கத்தில் வைத்துப் பார்க்க வேண்டும். ஹைட்டியின் பொதுப்பணி அமைச்சகம், உள்ளூர்ப் பொறியாளர்களுக்குப் பயிற்சி கொடுத்து, சேதமடைந்த நகரத்தில் வீடு வீடாக அனுப்பியது. ஏறக்குறைய நான்கு லட்சம் கட்டடங்கள். பொறியாளர் சுவரையும் தூணையும் பார்த்து, குறித்துக்கொண்டு, வாசல் சுவரில் வண்ணம் தெளித்துவிட்டுப் போவார்: பச்சை என்றால் குடியிருக்கலாம், மஞ்சள் என்றால் பழுதுபார்க்க வேண்டும், சிவப்பு என்றால் உள்ளே போகாதே. பாதிக்கும் மேல் பச்சை, கால்வாசி மஞ்சள், ஐந்தில் ஒன்று சிவப்பு. இடிந்துவிடுமோ என்று பயந்து தெருவில் படுத்துக்கொண்டிருந்த ஆயிரக்கணக்கான குடும்பங்கள் அந்தப் பச்சைக் குறியைப் பார்த்துத்தான் வீட்டுக்குள் போயின. மஞ்சள் வீடுகளைப் பழுதுபார்க்க ஆகும் செலவு புதிய வீட்டின் செலவில் சிறு பங்கு. செய்தது ஹைட்டி அமைச்சகம், ஹைட்டிப் பொறியாளர்கள். வெளியிலிருந்து வந்தது பணமும் பயிற்சியும். மொத்த மறுசீரமைப்பிலேயே எனக்குத் தெரிந்து மிகக் குறைந்த விலையில் மிக அதிகம் பேருக்குப் பயன்பட்டது இதுதான். ரிப்பன் வெட்ட இதில் ஒன்றுமில்லை, அதனால் யாரும் பேசுவதில்லை.

அதற்கும் ஒரு எல்லை இருந்தது. யுஎஸ்எய்டே செய்யச் சொன்ன ஓர் ஆய்வு 2011-இல், சிவப்புக் குறியிட்ட வீடுகளில் பாதிக்கும் மேற்பட்டவற்றில் மக்கள் மறுபடி குடியேறிவிட்டதாகச் சொன்னது. போக வேறு இடமில்லை. கூடாரத்தில் மழையா, விரிசல்விட்ட கூரையா என்ற தேர்வில் அவர்கள் கூரையை எடுத்தார்கள்.

வடக்கே ஒரு தொழிற்பேட்டை

மறுசீரமைப்பின் மணிமகுடம் என்று முன்வைக்கப்பட்டது கரகோல் தொழிற்பேட்டை. 2012 அக்டோபர் 22 திறப்பு விழா. வெளியுறவு அமைச்சர் ஹிலாரி கிளின்டன் வந்தார், பில் கிளின்டன் வந்தார், அதிபர் மார்தெல்லி இருந்தார். சே-ஆ என்ற தென்கொரிய ஆயத்த ஆடை நிறுவனம் முதன்மைக் குத்தகைதாரர். அமெரிக்கா மின்நிலையமும் வீடுகளும் தர, இடை-அமெரிக்க வளர்ச்சி வங்கி கட்டடங்களுக்குப் பணம் கொடுத்தது. 65,000 வேலைகள் வரும் என்றார்கள்.

நிலநடுக்கம் தாக்கிய இடத்திலிருந்து அது வெகு தொலைவு. பரவாயில்லை, தலைநகர நெரிசலைக் குறைக்க வேண்டும் என்ற வாதத்தில் அர்த்தமுண்டு. ஆனால் தேர்ந்தெடுத்த 246 ஹெக்டேரில் முன்னூற்றுக்கும் மேற்பட்ட விவசாயக் குடும்பங்கள் பயிர் செய்துகொண்டிருந்தன. விவசாயத்தை மீட்க வேண்டும் என்று கிளின்டன் செனட்டில் பேசி ஒரு வருடம் ஆவதற்குள் வேலி போடப்பட்டது. இழப்பீடும் மாற்று நிலமும் இழுத்துக்கொண்டே போக, அந்த விவசாயிகள் அமைப்பாகத் திரண்டு வங்கியின் புகார் மன்றத்துக்குப் போனார்கள். 2018 இறுதியில்தான் உடன்பாடு வந்தது. வேலைகளோ, வாக்களித்ததில் மூன்றில் ஒரு பங்கைக்கூட எட்டவில்லை. பேட்டைக்குத் துணையாக வடக்கே புதிய துறைமுகம் கட்டும் திட்டம் ஆய்வுக்கே கோடிகளை விழுங்கிவிட்டுக் கைவிடப்பட்டது. யுஎஸ்எய்ட் எந்த நாட்டிலும் துறைமுகம் கட்டி அப்போதைக்கு முப்பது ஆண்டுகளுக்கு மேலாகியிருந்தது.

ஒரு தையல் தொழிலாளி சம்பளம் வாங்கினாரா என்றால் வாங்கினார். ஆயிரக்கணக்கானோர் வாங்கினார்கள். அதைத் துச்சமாகச் சொல்ல மாட்டேன். ஆனால் நிலநடுக்கத்தில் வீடிழந்தவருக்கான பணத்தில் நடந்தது இது என்பதை மறந்துவிடக் கூடாது.

இதற்கெல்லாம் நடுவே, கணக்கில் 'உதவி' என்று எழுதப்படாத ஒன்று நடந்தது. ஜனவரி 15 அன்று அமெரிக்க உள்நாட்டுப் பாதுகாப்புத் துறை, அமெரிக்காவில் ஏற்கெனவே இருந்த ஹைட்டியர்களை நாடு கடத்தாமல் வேலை செய்ய அனுமதிக்கும் தற்காலிகப் பாதுகாப்பை அறிவித்தது. மியாமியிலும் புரூக்ளினிலும் பாஸ்டனிலும் வாடகைக் கார் ஓட்டியவர்களும் முதியோர் இல்லங்களில் வேலை பார்த்தவர்களும் வீட்டுக்குப் பணம் அனுப்பினார்கள். 2010-இல் எல்லா நாடுகளிலிருந்தும் ஹைட்டிக்குப் போன அந்தப் பணம் சுமார் 150 கோடி டாலர். அதற்கு ஒப்பந்தக்காரர் இல்லை, மேல்செலவு இல்லை, மதிப்பீட்டு அறிக்கை இல்லை. தாய்க்கு வேண்டியது அரிசியா சிமெண்டா என்பது மகளுக்குத் தெரியும்.

பதினோரு வருடம் கழித்து

2021 ஆகஸ்ட் 14 காலையில் ஹைட்டியின் தென்மேற்கு மறுபடி ஆடியது. அளவு 7.2, இறந்தவர்கள் 2,200-க்கும் மேல். ஐந்து வாரங்களுக்கு முன்புதான் அதிபர் ழொவெனெல் மொயீஸ் தன் வீட்டிலேயே கொல்லப்பட்டிருந்தார். தலைநகரிலிருந்து தெற்கே போகும் ஒரே பெரிய சாலை மார்த்தீசான் பகுதியில் ஆயுதக் கும்பல்களின் பிடியில் இருந்தது. அமெரிக்கப் படை மறுபடி வந்தது. ஹெலிகாப்டரில் காயம்பட்டவரை ஏற்றிச் சென்றது, மருந்தை இறக்கியது. மறுபடியும் அந்த வேலையை நன்றாகவே செய்தது. சாலையைத் திறக்க ஹெலிகாப்டரால் முடியாது. நடுவில் கடந்த 11 ஆண்டுகளில் அந்தச் சாலைக்கு ஒரு காவல் நிலையத்தை நிலைநிறுத்தும் அரசு உருவாகவில்லை என்பதுதான் விஷயம். அதற்கு முதல் குற்றவாளிகள் ஹைட்டியின் ஆட்சியாளர்களே என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும்.

தலைநகரின் அரசுப் பொது மருத்துவமனையை மீண்டும் கட்ட அமெரிக்காவும் பிரான்ஸும் 2010 செப்டம்பரில் ஒப்பந்தம் போட்டன. பத்தாண்டு கழிந்தும் அது முடியவில்லை. அதே காலத்தில், ஹைட்டி சுகாதார அமைச்சகத்தோடு கூட்டாக, பல ஆண்டுகளாக அங்கேயே வேரூன்றியிருந்த ஒரு தொண்டு அமைப்பு மிர்பலேயில் 300 படுக்கைகள் கொண்ட பயிற்சி மருத்துவமனையைக் கட்டி 2013-இல் திறந்தது. ஐ.நா. படை முகாமின் கழிவு ஆற்றில் கலந்து, பத்தாயிரம் பேரைக் கொன்ற காலரா 2010 அக்டோபரில் தொடங்கியதும் அதே மிர்பலே பக்கத்தில்தான். 2025 வசந்தத்தில் கும்பல்கள் அந்த ஊரைத் தாக்க, அந்த நல்ல மருத்துவமனையும் மூடப்பட்டது.

உள்ளூரில் வேரூன்றியவர்களிடம் கொடுத்தால் வேலை நடக்கும் என்ற பட்டறிவை யுஎஸ்எய்டும் அறிந்தே இருந்தது. ஷா காலத்திலேயே உதவிப் பணத்தில் 30 சதவீதம் உள்ளூர் அமைப்புகளுக்கு என்று இலக்கு வைத்தார்கள். 2021-இல் தலைவராக இருந்த சமந்தா பவர் அதை 25 என்று வைத்தார். 2023 நிதியாண்டில் எட்டியது 10-க்கும் கீழே. வாஷிங்டனில் விதிகளைப் படிக்கத் தெரிந்த நிறுவனத்தோடு ஒரு பெரிய ஒப்பந்தம் போடுவது சுலபம். ஐம்பது சிறு உள்ளூர் அமைப்புகளோடு ஐம்பது ஒப்பந்தம் போட ஆட்கள் வேண்டும், பொறுமை வேண்டும். அந்த ஆட்களைச் சேர்க்க ஒதுக்கீடு கிடைக்காது.

2025 ஜனவரி 20 அன்று வந்த உத்தரவில் அமெரிக்காவின் வெளிநாட்டு உதவி 90 நாட்களுக்கு நிறுத்தப்பட்டது. மார்ச்சில் யுஎஸ்எய்ட் திட்டங்களில் 83 சதவீதம் ரத்து என்று வெளியுறவு அமைச்சர் மார்கோ ரூபியோ அறிவித்தார். ஜூலை 1 அன்று அந்த நிறுவனம் வெளியுறவுத் துறைக்குள் கரைந்தது. அதற்கு முன், மார்ச் 28 அன்று மியான்மரை 7.7 அளவு நிலநடுக்கம் உலுக்கியபோது அமெரிக்கா அனுப்பியது மூன்று பேர் கொண்ட மதிப்பீட்டுக் குழு. அங்கே போய் இறங்கிய சில நாட்களில் அந்த மூவருக்கும் வேலைநீக்க அறிவிப்பு வந்தது. சீனாவின் மீட்புக் குழு நிலநடுக்கத்துக்கு மறுநாளே யாங்கூனில் இறங்கியிருந்தது.

ஹைட்டியை முன்வைத்து 15 ஆண்டுகளாக எழுதப்பட்ட விமர்சனம் எல்லாம் ஒப்பந்தம், வீடு, அரிசி, தொழிற்பேட்டை பற்றியவை. பேரிடர் என்றதும் கிளம்பும் யுஎஸ்எய்டின் குழுவை மூடச் சொன்னவர் யாருமில்லை. மூடியபோது விமர்சனத்துக்கு ஆளானதும் அந்தக் குழுவும் ஒன்றாகவே போயின. 2025 அக்டோபர் இறுதியில் மெலிசா புயல் கரீபியனைத் தாக்கி, ஹைட்டியின் பெத்தி-கோவாவில் ஆறு பெருகி மக்களை அடித்துச்சென்றபோது, வெளியுறவுத் துறை பழைய பேரிடர்க் குழு முறையை அவசரமாகத் திரட்டி அனுப்ப வேண்டியிருந்தது. உத்தரவு போட அதிகாரி இருந்தார். அந்த வேலையில் இருபது வருடம் பழகியவர்களில் பலர் அதற்குள் வேறு வேலை தேடிப் போயிருந்தார்கள்.